உண்மை கண்டறியும் சோதனைக்குக் கூப்பிட்டால் என்ன செய்வது: கடலூர், புதுச்சேரிக்காரர்களுக்கு

ஸ்டேஷனிலிருந்து போன் வரும். "ஒண்ணுமில்லைங்க, சும்மா ஒரு டெஸ்ட். மெட்ராஸ் போய்ட்டு சாயங்காலமே திரும்பிடலாம். தப்பு செய்யாதவங்களுக்கு என்ன பயம்?" இந்தக் கடைசி வரியில்தான் பலர் விழுகிறார்கள். மறுத்தால் நம்மைத்தான் சந்தேகப்படுவார்களோ என்ற கூச்சத்தில் "சரிங்க சார்" என்று சொல்லிவிடுகிறார்கள். சட்டப்படி அந்த "சரிங்க சார்" இல்லாமல் காவல்துறையால் ஒரு கேள்வியைக்கூட அந்த இயந்திரத்தில் வைத்துக் கேட்க முடியாது. சொல்வதா வேண்டாமா, எங்கே, யார் முன்னால், என்னென்ன நிபந்தனையோடு சொல்வது என்பதைத்தான் இங்கே பார்க்கப் போகிறோம்.

சட்டம் எங்கே இருக்கிறது

பாலிகிராப் (உண்மை கண்டறியும் இயந்திரம்) சோதனைக்கென்று இந்தியாவில் தனிச் சட்டம் கிடையாது. இருப்பது அரசியல் சாசனத்தின் 20(3) (தனக்கு எதிராகவே சாட்சி சொல்லக் கட்டாயப்படுத்தக் கூடாது), 21 (உயிர், தனிமனித சுதந்திரம்) ஆகிய பிரிவுகளும், அவற்றை வைத்து உச்ச நீதிமன்றம் 5.5.2010 அன்று செல்வி எதிர் கர்நாடக அரசு வழக்கில் அளித்த தீர்ப்பும்தான். அன்றைய தலைமை நீதிபதி கே.ஜி. பாலகிருஷ்ணன் தலைமையிலான மூன்று நீதிபதிகள் அமர்வு அது. பாலிகிராப், நார்கோ (மருந்து கொடுத்து அரை மயக்கத்தில் கேள்வி கேட்பது), மூளை அலைச் சோதனை (மூளையின் மின் அலைகளைப் பதிவு செய்வது) மூன்றுக்கும் சேர்த்தே தீர்ப்பு சொன்னது.

தீர்ப்பின் சாரம் இது. யாரையும் இந்தச் சோதனைகளுக்குக் கட்டாயப்படுத்தக் கூடாது. குற்றம் சாட்டப்பட்டவர், சந்தேக நபர், சாட்சி, புகார் கொடுத்தவர் எல்லோருக்கும் இது பொருந்தும். குற்ற விசாரணை ஆனாலும் சரி, வேறெந்தச் சூழல் ஆனாலும் சரி. மனமுவந்து சம்மதித்து நடந்த சோதனையின் ரிப்போர்ட்டும் தனியாகச் சாட்சியம் ஆகாது. ஆனால் சம்மதித்து நடந்த சோதனையின் வழியாக ஒரு பொருளோ தகவலோ கண்டுபிடிக்கப்பட்டால் அதை நீதிமன்றத்தில் வைக்கலாம். இந்தக் கடைசி வாக்கியத்தைச் செய்திகளில் பெரும்பாலும் விட்டுவிடுகிறார்கள். உங்களுக்கு முக்கியமானதே அதுதான், பின்னால் வருகிறேன்.

2006இல் தினேஷ் டால்மியா வழக்கில் சென்னை உயர் நீதிமன்றம் இதற்கு நேர்மாறாக, இப்படிப்பட்ட சோதனை மௌன உரிமையை மீறாது என்று சொல்லியிருந்தது. கடலூரும் புதுச்சேரியும் அந்த உயர் நீதிமன்றத்தின் கீழ்தான் வருகின்றன. யாராவது அந்தத் தீர்ப்பைக் காட்டினால், 2010க்குப் பிறகு அது நிற்காது என்று சொல்லுங்கள்.

நடைமுறை என்ன என்பதைத் தேசிய மனித உரிமை ஆணையம் 2000ஆம் ஆண்டிலேயே எட்டு விதிகளாக எழுதிவிட்டது. அவற்றைக் கண்டிப்பாகப் பின்பற்ற வேண்டும் என்று செல்வி தீர்ப்பும் சொல்கிறது. எல்லைக்கு இந்தப் பக்கம் தமிழ்நாடு போலீஸ், அந்தப் பக்கம் புதுச்சேரி போலீஸ் என்பதால் இதில் ஒரு மாற்றமும் கிடையாது.

முதல் போன் வந்தவுடன்

போனில் சம்மதமும் சொல்லாதீர்கள், சண்டையும் போடாதீர்கள். எந்த ஸ்டேஷன், எஃப்.ஐ.ஆர். எண் என்ன, நான் சாட்சியா சந்தேக நபரா என்ற மூன்றையும் கேட்டு எழுதி வையுங்கள். பிறகு "எழுத்துமூலம் அனுப்புங்க, வர்றேன்" என்று சொன்னால் போதும்.

எழுத்தில் வருவது இரண்டு வகை. முதலாவது, பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா 179ஆம் பிரிவின் கீழ் வரும் சாட்சி அழைப்பு. (பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 160ஆம் பிரிவு. 1.7.2024 முதல் எண்கள் எல்லாம் மாறிவிட்டன.) இந்தப் பிரிவின்படி ஒரு காவல் அதிகாரி தன் நிலைய எல்லைக்குள்ளோ அடுத்துள்ள நிலைய எல்லைக்குள்ளோ இருப்பவரைத்தான் அழைக்க முடியும். எல்லைக்கோட்டில் வாழும் நமக்கு இது உதவும். கிருமாம்பாக்கத்தில் குடியிருப்பவரை நெய்வேலி நிலையம் இந்தப் பிரிவில் வரவழைக்க முடியாது. பெண்கள், 15 வயதுக்குக் குறைந்த அல்லது 60 வயதைத் தாண்டிய ஆண்கள், மாற்றுத்திறனாளிகள், கடும் நோயாளிகள் ஆகியோரை ஸ்டேஷனுக்கே அழைக்கக் கூடாது. வீட்டுக்கு வந்துதான் விசாரிக்க வேண்டும்.

இரண்டாவது, அதே சன்ஹிதாவின் 35(3) நோட்டீஸ். உங்கள் மீது குற்றம் செய்ததாக நியாயமான சந்தேகம் இருந்து, உடனே கைது தேவையில்லை என்று நினைத்தால் இதைத் தருவார்கள். இதற்கு அந்த நிலைய எல்லைக் கணக்கு பொருந்தாது. போகாமல் இருந்தால் கைதுக்கு அதுவே காரணமாகிவிடும். எனவே போக வேண்டும்.

விசாரணைக்குப் போவது வேறு, சோதனைக்கு உட்காருவது வேறு. நோட்டீஸில் "உண்மை கண்டறியும் சோதனைக்கு ஆஜராக வேண்டும்" என்று எழுதியிருந்தாலும், நீங்கள் கட்டுப்பட்டது ஆஜராவதற்கு மட்டும்தான். போன இடத்தில் கேட்கும் கேள்விகளிலும், பதில் உங்களைக் குற்றத்தில் மாட்டிவிடும் என்றால் அதற்குப் பதில் சொல்லாமலிருக்க அதே சன்ஹிதாவின் 180(2) இடம் தருகிறது. போலீஸ் எழுதும் வாக்குமூலத்தில் கையெழுத்துப் போடத் தேவையில்லை. கையெழுத்து வாங்கக் கூடாது என்று 181ஆம் பிரிவு சொல்கிறது. வெற்றுத் தாளில் போடவே கூடாது என்பதை நான் சொல்ல வேண்டியதில்லை.

வேண்டாம் என்றால் எழுதிக் கொடுங்கள்

வாயால் சொன்ன மறுப்பு மறுநாள் "யோசிக்கிறேன்னு சொன்னார்" என்று மாறிவிடும். ஒரு வெள்ளைத்தாளில் இவ்வளவு எழுதினால் போதும்:

"… காவல் நிலைய குற்ற எண் …/… தொடர்பாக என்னிடம் பாலிகிராப் சோதனைக்குச் சம்மதம் கேட்கப்பட்டது. அச்சோதனைக்கோ, நார்கோ, மூளை அலைச் சோதனைகளுக்கோ நான் சம்மதிக்கவில்லை. சட்டப்படியான விசாரணைக்கு ஒத்துழைக்கத் தயாராக உள்ளேன். அரசியல் சாசனம் 20(3), 21 பிரிவுகளின் கீழும், செல்வி எதிர் கர்நாடக அரசு (2010) தீர்ப்பின் கீழும் எனக்குள்ள உரிமையின்படி இதைத் தெரிவிக்கிறேன்."

தேதி, கையெழுத்து. ஒரு நகலில் நிலைய முத்திரை வாங்குங்கள். தரமாட்டேன் என்றால் விரைவுத் தபாலில் ஒன்று நிலையத்துக்கும், ஒன்று மாவட்டக் காவல் கண்காணிப்பாளருக்கும் அனுப்பி ரசீதை வைத்திருங்கள். மூன்றாவது வாக்கியத்தை, அதாவது ஒத்துழைப்பேன் என்பதை, விட்டுவிடாதீர்கள். "விசாரணைக்கு ஒத்துழைக்கவில்லை" என்று ஜாமீன் மனுவில் எதிர்ப்புத் தெரிவிக்கும்போது அந்த ஒரு வரிதான் உங்களுக்குக் கைகொடுக்கும்.

மறுத்ததை வைத்து, இவர்தான் செய்திருப்பார் என்று நீதிமன்றம் முடிவுகட்டக் கூடாது. திருச்சி ராமஜெயம் கொலை வழக்கில் 2022இல் சிறப்புப் புலனாய்வுக் குழு நீதிமன்றத்துக்குப் போனபோது ஒருவர் சம்மதிக்கவில்லை. சம்மதித்தவர்களுக்கு மட்டும்தான் 2023 ஜனவரியில் சென்னையில் சோதனை நடந்தது. சோதனை முடிந்த கையோடு அந்த வழக்கு முடிந்துவிடவில்லை என்பதையும் நினைவில் வையுங்கள்.

சம்மதிப்பதற்கு முன் ஒரு கணக்கு

"நான் ஒன்றும் செய்யவில்லை, உட்கார்ந்துவிட்டால் தொல்லை விட்டது" என்று நினைப்பவர்கள் இதைப் படியுங்கள். ரிப்போர்ட் உங்களுக்குச் சாதகமாக வந்தாலும் அதை வைத்து விடுதலை கேட்க முடியாது. அது சாட்சியம் அல்ல. வழக்கிலிருந்து உங்கள் பெயரை எடுக்க வேண்டிய கட்டாயமும் போலீசுக்கு இல்லை. பாதகமாக வந்தால், அதைக் காட்டித் தண்டிக்க முடியாதுதான். ஆனால் விசாரணை முழுக்க உங்கள் பக்கம் திரும்பும்.

இயந்திரத்தின் துல்லியத்தை நம்பியும் போக வேண்டாம். அது பொய்யை அளப்பதில்லை. மூச்சு, ரத்த அழுத்தம், நாடித்துடிப்பு, விரல் வியர்வை ஆகியவற்றை அளக்கிறது. பயம், அவமானம், கோபம் மூன்றுக்கும் உடம்பு அப்படியேதான் துடிக்கும். அமெரிக்காவின் தேசிய ஆராய்ச்சிக் கழகம் 2003இல் ஆராய்ந்துவிட்டு, குருட்டு யூகத்தைவிட நன்றாகவே தேறுகிறது, ஆனால் பிழையின்மைக்கு வெகு தூரத்தில் இருக்கிறது என்றுதான் சொன்னது.

சம்மதிப்பதில் அர்த்தம் இருக்கும் சந்தர்ப்பங்களும் உண்டு. பத்துப் பேர்மேல் சந்தேகம், உங்களுக்கு ஒளிக்க ஒன்றுமில்லை, வக்கீலும் ஒப்புக்கொள்கிறார் என்றால் போகலாம். வக்கீல் இல்லாமல் இந்த முடிவை எடுக்காதீர்கள். பணம் இல்லையென்றால் 15100 என்ற இலவச சட்ட உதவி எண்ணுக்கு அழையுங்கள், அல்லது கடலூரிலோ புதுச்சேரியிலோ நீதிமன்றத்தில் இயங்கும் சட்டப்பணிகள் ஆணைக்குழுவுக்குப் போங்கள். பெண்கள், பட்டியல் சாதி மற்றும் பழங்குடியினர், மாற்றுத்திறனாளிகள், காவலில் இருப்பவர்கள் ஆகியோருக்கு வருமானம் பார்க்காமல் இலவச வக்கீல் கிடைக்கும்.

நடுவர் முன்னால்

ஸ்டேஷனில் அச்சடித்த தாளில் கையெழுத்துப் போட்டால் அது சம்மதம் ஆகாது. நீதித்துறை நடுவர் (மாஜிஸ்திரேட்) முன்னால், உங்கள் வக்கீல் உடனிருக்க, பதிவாக வேண்டும். போலீஸ் மனு போட்டதும் அதன் நகலை வாங்கிப் படியுங்கள். "சம்மதத்தைப் பதிவு செய்யக் கோரி" என்று இருந்தால் சரி. "சோதனைக்கு உட்படுத்த உத்தரவிடக் கோரி" என்று இருந்தால், உங்கள் சம்மதம் ஏற்கெனவே இருப்பதுபோலப் போய்விடும். அங்கேயே வக்கீலை ஆட்சேபிக்கச் சொல்லுங்கள். சம்மதம் இல்லாமல் உத்தரவு பிறந்துவிட்டால் நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா 528ஆம் பிரிவின் கீழ் சென்னை உயர் நீதிமன்றத்துக்குப் போக வேண்டியிருக்கும். அந்த அலைச்சலும் செலவும் முதல் நாளில் ஐந்து நிமிடம் படித்தால் மிச்சம்.

நடுவர் உங்களிடம், நீங்கள் சொல்லப்போவது ஒப்புதல் வாக்குமூலம் ஆகாது, போலீசிடம் சொன்ன வாக்குமூலத்தின் தகுதிதான் அதற்கு, என்று தெளிவாகச் சொல்ல வேண்டும். எத்தனை நாள் காவலில் வைத்திருந்தார்கள், எப்படி விசாரித்தார்கள் என்று பார்க்க வேண்டியதும் அவர் பொறுப்பு. கேப்பர் மலையிலோ காலாப்பட்டிலோ சிறையில் இருப்பவருக்கு இது பெரிய வாய்ப்பு. அடித்தார்கள், ஜாமீனை எதிர்க்கமாட்டோம் என்று ஆசை காட்டினார்கள், வீட்டுப் பெண்களைக் கூட்டி வருவோம் என்று மிரட்டினார்கள் என்றால் அங்கே வாய் திறக்க வேண்டும். வெளியே வந்து சொல்வதை யாரும் எழுதிக்கொள்ளமாட்டார்கள்.

சம்மதிப்பதாக இருந்தால் உத்தரவில் இவை இடம்பெறக் கேளுங்கள்: எந்தச் சோதனை (பாலிகிராப் என்று மட்டும் இருக்கட்டும், "அறிவியல் சோதனைகள்" என்ற பொதுச்சொல் வேண்டாம்), எந்த இடம், எந்தத் தேதி, வக்கீல் உடனிருப்பது, எந்த நேரமும் சம்மதத்தைத் திரும்பப் பெறலாம் என்பது, சோதனை முழுவதும் ஒலி, ஒளிப்பதிவு, ரிப்போர்ட் நகல்.

சோதனை நாள்

முந்தைய நாள் இரவு நன்றாகத் தூங்குங்கள், காலையில் சாப்பிடுங்கள், வழக்கமான மாத்திரையைப் போட்டுக்கொண்டே போங்கள். ரத்த அழுத்த மாத்திரை, இதயத்துடிப்பைக் குறைக்கும் மாத்திரை, ஆஸ்துமா, கர்ப்பம், சமீபத்திய அறுவை சிகிச்சை எல்லாவற்றையும் ஆரம்பத்திலேயே சொல்லி எழுத வையுங்கள். காய்ச்சலோடு போனால் தேதியை மாற்றக் கேளுங்கள்.

மார்பிலும் வயிற்றிலும் இரண்டு குழாய்ப் பட்டைகள், மேல்கையில் ரத்த அழுத்தப் பட்டை, இரண்டு விரல்களில் தகடு. நாற்காலியிலும் அசைவைப் பிடிக்கும் பட்டை இருக்கலாம். கைப்பட்டையைக் காற்றடித்து இறுக்கியே வைப்பதால் கை மரத்துப்போகும். அதனால் ஒரு சுற்று சில நிமிடங்களுக்கு மேல் போகாது. பத்து கேள்விகள்போல இருக்கும். ஒவ்வொன்றுக்கும் இடையே 20, 25 விநாடி. பதில் "ஆமாம்", "இல்லை" மட்டும். அதே பட்டியல் மூன்று முறையாவது ஓடும்.

முறையான சோதனையில் அத்தனை கேள்வியையும் முன்கூட்டியே படித்துக் காட்டுவார்கள். அந்த நேரத்தைத்தான் நீங்கள் பயன்படுத்த வேண்டும். ஒரு கடைக் கணக்காளரிடம் "கல்லாவிலிருந்து பணம் எடுத்தீங்களா?" என்று கேட்டால் என்ன ஆகும்? அவர் தினமும்தான் எடுக்கிறார். "இல்லை" என்றால் மனசு உறுத்தும், "ஆமாம்" என்றால் மாட்டிக்கொள்வார். கோடு எப்படியும் எகிறும். "அன்னைக்குக் காணாமப் போன 40,000 ரூபாயை நீங்க எடுத்தீங்களா?" என்று மாற்றச் சொல்லலாம், மாற்றுவார்கள். "கடையில இருந்தீங்களா, அவரைப் பார்த்தீங்களா?" என்று இரண்டு கேள்வியை ஒன்றாக ஒட்டியிருந்தால் பிரிக்கச் சொல்லுங்கள். "யார் செஞ்சதுன்னு தெரியுமா?" என்பதும் ஆபத்து, சந்தேகப்படுவது தெரிவது ஆகுமா என்று மனம் தடுமாறும். பட்டியல் ஆங்கிலத்தில் இருந்து, அங்கேயே தமிழாக்கிக் கேட்டால் சம்மதிக்காதீர்கள். தமிழில் எழுதியதையே படிக்கச் சொல்லுங்கள்.

"இதுக்கு முன்னாடி உங்களை நம்பினவங்ககிட்ட பொய் சொல்லியிருக்கீங்களா?" என்று வழக்குக்குச் சம்பந்தமில்லாமல் ஒன்று வரும். அது உங்களை அவமானப்படுத்த அல்ல. உங்கள் உடம்பு சாதாரணமாக எவ்வளவு பதறும் என்று ஒப்பிட்டுப் பார்க்க. மூச்சை அடக்குவது, கால் விரலை அழுத்துவது போன்ற யூடியூப் வித்தைகளைச் செய்யாதீர்கள். மூச்சுப் பட்டையிலும் நாற்காலியிலும் அது அப்படியே தெரியும். "ஏமாற்ற முயன்றார்" என்று எழுதிவிடுவார்கள்.

பட்டைகளைக் கழற்றிய பிறகு ஒரு பேச்சு நடக்கும். "இந்த ஒரு கேள்வியில மட்டும் கோடு கொஞ்சம் எகிறுது, என்ன விஷயம்னு சொல்லிடுங்களேன்." சோதனையின் உண்மையான பலம் இங்கேதான் இருக்கிறது. இயந்திரத்திடம் "இல்லை" என்று சொன்னவர்கள் இங்கே, விளக்கம் சொல்வதாக நினைத்துக்கொண்டு, கொட்டிவிடுகிறார்கள். காவலில் உள்ள ஒருவர் "கெடிலம் பாலத்துக்குக் கீழ வெச்சேன்" என்று சொல்லி, போலீஸ் அங்கே போய்ப் பொருளை எடுத்துவிட்டால், போலீசிடம் சொன்ன ஒப்புதல் செல்லாது என்ற பாரதிய சாக்ஷ்ய அதினியம் 23ஆம் பிரிவின் விதிவிலக்கு வந்துவிடும். (பழைய சாட்சியச் சட்டத்தின் 27ஆம் பிரிவு.) கண்டுபிடிப்போடு நேரடியாக ஒட்டிய பகுதி மட்டும் உள்ளே வரும், "நான்தான் குத்தினேன்" என்பது வராது, "இங்கே வெச்சேன்" என்பது வரும். முன்னர் சொன்ன அந்தக் கடைசி வாக்கியத்தின் வேலை இதுதான். பட்டை கழன்றதும் "வக்கீலிடம் பேசிவிட்டுச் சொல்கிறேன்" என்று எழுந்துவிடுங்கள்.

இதை அதோடு குழப்பிக்கொள்ளாதீர்கள்

கைரேகை, கையெழுத்து மாதிரி, குரல் மாதிரி ஆகியவற்றுக்கு 20(3) பாதுகாப்பு கிடையாது. 1961இல் காதி காலு ஓகட் வழக்கில் பதினொரு நீதிபதிகள் கைரேகை, கையெழுத்து பற்றிச் சொன்னதை, 2019இல் ரித்தேஷ் சின்ஹா வழக்கு குரலுக்கும் நீட்டியது. இப்போது நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா 349ஆம் பிரிவில் நடுவர் உத்தரவிடலாம். "செல்வி தீர்ப்பு இருக்கு, குரல் தரமாட்டேன்" என்று நின்றால் தோற்பீர்கள். உங்கள் மனதில் உள்ளதைச் சொல்ல வைக்கும் சோதனைக்குத்தான் சம்மதம் தேவை.

"நான் நார்கோவுக்கே ரெடி" என்று தானாக முன்வருபவர்களுக்கு 9.6.2025 அன்று அம்லேஷ் குமார் எதிர் பீகார் அரசு வழக்கில் உச்ச நீதிமன்றம் பதில் சொல்லிவிட்டது. அது தட்டிக்கழிக்க முடியாத உரிமை அல்ல. தன் தரப்புச் சாட்சியத்தை முன்வைக்கும் கட்டத்தில் கேட்கலாம், அனுமதிப்பது நீதிமன்றத்தின் முடிவு. அந்த வழக்கில் பாட்னா உயர் நீதிமன்றம் ஜாமீன் மனுவிலேயே போலீஸ் சொன்ன நார்கோ யோசனையை ஏற்றதை ரத்து செய்தது.

முதலாளி கேட்டால்

நகைக்கடையில் செயின் காணோம், சிப்காட் ஆலை ஸ்டோரில் செம்புக் கம்பி குறைகிறது என்றால், "எல்லாரும் லை டிடெக்டருக்கு வாங்க" என்று தனியார் ஏஜென்சியைக் கூப்பிடும் முதலாளிகள் உண்டு. உங்களை உட்கார வைக்க அவருக்கு எந்தச் சட்ட அதிகாரமும் இல்லை. அவர் செய்யக்கூடியது போலீசில் புகார் கொடுப்பது. அந்த அறிக்கைக்கும் வழக்கில் மதிப்பில்லை. ஆனால் அங்கே கேமரா முன்னால் நீங்கள் சொன்னதற்கு இருக்கலாம். போலீசிடம் சொன்ன ஒப்புதலுக்குத்தான் சாக்ஷ்ய அதினியம் 23ஆம் பிரிவின் தடை. முதலாளியிடம் தானாகச் சொன்னதற்கு அந்தத் தடை இல்லை. அதனால் தனியார் சோதனை ஒருவகையில் போலீஸ் சோதனையைவிட ஆபத்தானது. வேலைக்குச் சேரும்போது "எந்தச் சோதனைக்கும் சம்மதம்" என்று எழுதி வாங்கியிருந்தாலும், அன்றைய தினம் நீங்கள் மனமுவந்து தராத சம்மதம் சம்மதம் அல்ல.

"பதில் சொல்லாம வெளிய போகக் கூடாது" என்று அறையில் வைத்துப் பூட்டினால் அது பாரதிய நியாய சன்ஹிதா (பழைய இந்திய தண்டனைச் சட்டத்தின் இடத்தில் வந்தது) 127ஆம் பிரிவின் கீழ் சட்டவிரோதச் சிறைவைப்பு. ஒப்புக்கொள்ள வைக்க அடித்தால் 120ஆம் பிரிவு. ஏழாண்டு வரை தண்டனை உண்டு. அறைக்குள்ளிருந்தே 112க்கு அழைக்கலாம். இதே காரியத்தைப் போலீசார் செய்திருந்தால் நடுவரிடம் சொல்வதோடு, மனித உரிமை ஆணையத்துக்கும் எழுதுங்கள். சம்பவம் நடந்து ஓராண்டு தாண்டினால் ஆணையம் புகாரை எடுக்காது.